கேட்விக் விடுதியும் ஐந்து புது வீடுகளும்

தி பிளாக் என்ற, வீடு புதுப்பிக்கும் தொலைக்காட்சிப் போட்டியில் பிடித்த சீசன் எது என்று யார் கேட்டாலும் என் பதில் ஒன்றுதான். 2018-இல் ஒளிபரப்பான பதினான்காவது சீசன், மெல்பர்னின் செயின்ட் கில்டாவில் இருந்த கேட்விக் விடுதியைப் பிரித்துப்போட்டு ஆடம்பர ஃபிளாட்டுகளாக மாற்றினார்களே, அது. அதைவிட நேர்த்தியான வேலை நடந்த சீசன்கள் உண்டு. அதைவிட அதிகப் பணம் கைமாறிய சீசன்களும் உண்டு. இருந்தும் கேட்விக்தான் மனதை விட்டுப் போக மாட்டேன் என்கிறது, ஏனென்றால் ஒரு வீட்டுக்கு விலை எங்கிருந்து வருகிறது என்ற கேள்விக்கு இந்த நிகழ்ச்சி இத்தனை வருடத்தில், தான் சொல்கிறோம் என்று தெரியாமலேயே, சொன்ன நேர்மையான பதில் அந்த சீசனில்தான் இருக்கிறது.

பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். ஆஸ்திரேலியாவின் நைன் தொலைக்காட்சியில் 2003-இல் சிட்னியின் போண்டையில் தொடங்கிய நிகழ்ச்சி இது. இரண்டு சீசனோடு நின்றுபோய், 2010-இல் ஸ்காட் காம் தொகுப்பாளராக வந்து மறுபடி உயிர்பெற்றது. அவரே தச்சுவேலை பார்த்தவர் என்பதால் ஒரு கதவு சரியாகத் தொங்குகிறதா இல்லையா என்பது அவர் முகத்திலேயே தெரிந்துவிடும். 2011-லிருந்து பெரும்பாலும் மெல்பர்னிலும் அதன் சுற்றுவட்டாரத்திலும்தான் நடக்கிறது. ஐந்து ஜோடிகள், ஆளுக்கொரு வீடு, வாரத்துக்கு ஒரு அறை. ஞாயிற்றுக்கிழமை மூன்று நடுவர்கள் வந்து ஆளுக்குப் பத்து மதிப்பெண் வீதம் போடுவார்கள். வாரத்தின் சிறந்த அறைக்கு ரொக்கப் பரிசு. எல்லா அறைகளும் முடிந்த பிறகு வீடுகள் ஏலத்துக்குப் போகும். நிர்ணயித்த குறைந்தபட்ச விலைக்கு மேல் எவ்வளவு வருகிறதோ அது அந்த ஜோடிக்கு, அதிக லாபம் பார்த்த ஜோடிக்குக் கூடுதலாக 1,00,000 டாலர். வீடு அவர்களுடையது கிடையாது, மாதக்கணக்கில் தூக்கமில்லாமல் உழைத்துவிட்டுச் சாவியை வேறொருவர் கையில் கொடுத்துவிட்டுப் போக வேண்டும். இதில் ஒரு நாடகமும் சேர்க்கத் தேவையில்லை, அமைப்பே அப்படி.

சரி, கேட்விக்குக்கு வருகிறேன்.

மெல்பர்னில் இருப்பவர்களுக்கு ஃபிட்ஸ்ராய் தெருவைத் தெரிந்திருக்கும். மேல்முனையில் ஜங்ஷன் ஓவல் கிரிக்கெட் மைதானம், கீழ்முனையில் பனைகள் நிற்கும் கட்டானி பூங்கா, அதைத் தாண்டினால் கடல். 96-ஆம் எண் டிராம் வண்டி பழைய ரயில் நிலையத்தில் வளைந்து அந்தத் தெரு வழியாகத்தான் கடற்கரைக்கு இறங்கும். ஒரு காலத்தில் பணக்காரர்கள் காற்று வாங்க வந்த இடம், பிறகு சீரழிந்தது, பிறகு உணவகங்களால் கொஞ்சம் எழுந்தது, 2010-களில் மறுபடி வரிசையாகப் பூட்டிய கடைகள். இந்த ஏற்ற இறக்கம் முழுவதையும் நின்று பார்த்த கட்டடம் கேட்விக். 1930-களில் கட்டப்பட்டது, அறுபதுக்கும் மேற்பட்ட அறைகள். கடைசிப் பல பத்தாண்டுகள் அது வாடகை அறை விடுதியாக இருந்தது. திருவல்லிக்கேணி மேன்ஷன் என்றால் நமக்குச் சட்டென்று புரியும், ஆனால் கேட்விக்கில் வந்து தங்கியவர்கள் வேலை தேடி நகரத்துக்கு வந்த இளைஞர்கள் இல்லை. வேறு எங்கும் கதவு திறக்காதவர்கள். மனநோயோடு போராடுபவர்கள், சிறையிலிருந்து வெளியே வந்தவர்கள், போதைப் பழக்கத்தில் குடும்பத்தை இழந்தவர்கள், வயதாகித் தனியாகிப் போனவர்கள்.

விட்டோரியா கார்போன் என்ற, மால்டாவிலிருந்து குடியேறிய ஒரு பெண்மணி நடத்திய விடுதி அது. அவருக்குப் பிறகு அவருடைய இரட்டை மகள்கள் ரோஸ் பேங்க்ஸும் இவெட் கெல்லியும் எடுத்து நடத்தினார்கள். யாரையும் திருப்பி அனுப்ப மாட்டோம் என்பதுதான் அவர்கள் வீட்டுச் சட்டம் மாதிரி இருந்தது. அதற்கான விலையும் அந்தக் கட்டடத்தில் தெரிந்தது. வன்முறை நடந்திருக்கிறது, உயிர்கள் போயிருக்கின்றன, போலீஸும் ஆம்புலன்ஸும் வந்து நிற்பது தெருவுக்குப் பழகிப்போன விஷயம். பக்கத்தில் கடை வைத்திருந்தவர்களும் குடியிருந்தவர்களும் இதை மூடுங்கள் என்று வருடக்கணக்கில் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அவர்களை நான் குறை சொல்ல மாட்டேன், இரவில் குழந்தையைக் கூட்டிக்கொண்டு அந்த வாசலைக் கடக்க வேண்டியவர்களுக்கு அந்த பயம் நிஜம். உள்ளே இருந்தவர்களுக்கு வெளியே போனால் நடைபாதைதான் என்ற பயமும் அதே அளவுக்கு நிஜம்.

2017-இல் நைன் நிறுவனம் கட்டடத்தை வாங்கியது. ஒரு கோடி டாலருக்கு மேல் என்று செய்திகளில் வந்தது. அந்த வருடம் விடுதி மூடப்பட்டது. உள்ளே இருந்தவர்களுக்கு வேறு இடம் பார்த்துக் கொடுக்க விக்டோரிய அரசும் வீடற்றவர்களோடு வேலை செய்யும் அமைப்புகளும் முயற்சி எடுத்தன, அதைச் சொல்லாமல் விட்டால் நியாயமாக இருக்காது. ஆனால் அறை என்பது வேறு, எல்லோரையும் சேர்த்துக்கொண்ட ஒரு கட்டடம் என்பது வேறு. ஒருவருக்கு மாத்திரை எடுத்துக்கொண்டாயா என்று கேட்க எதிர் அறைக்காரர் இருந்திருப்பார், வாடகை தாமதமானாலும் பொறுத்துக்கொண்ட சகோதரிகள் இருந்தார்கள். புது இடத்தில் சுவர் கிடைத்திருக்கும், இதெல்லாம் கூடவே கிடைத்திருக்குமா?

அடுத்த வருடம் ஆகஸ்ட்டில், அந்தக் கட்டடத்துக்குள் ஐந்து ஜோடிகள் நுழைவது திரையில் வந்தது. ஹேடன்–சாரா, கெர்ரி–ஸ்பென்ஸ், நார்ம்–ஜெஸ், ஹான்ஸ்–கோர்ட்னி, அப்புறம் பியாங்கா–கார்லா என்ற இரண்டு தோழிகள். பேர் கெட்டுப்போன கட்டடத்தை மீட்டெடுக்கிறோம் என்ற தொனியில்தான் அறிமுகம் இருந்தது. பழைய சுவர்கள், உரிந்த பெயிண்ட், இருண்ட நீண்ட நடைவழிகள் எல்லாம் காட்டப்பட்டன. ஒரு திகில் படத்தின் முதல் காட்சிக்கு உரிய எல்லாமே இருந்தது. அந்த அறைகளில் ஒன்றில் நேற்றுவரை ஒருவர் படுத்து எழுந்து டீ போட்டுக் குடித்திருப்பார் என்ற எண்ணம் எனக்கு வந்துகொண்டே இருந்தது.

இவ்வளவு சொல்லிவிட்டு நான் இந்த சீசனை ரசித்தேன் என்றும் சொல்ல வேண்டும், ஏனென்றால் வேலை என்னை உட்கார வைத்துவிடும். நடுவர்கள் நீல் விட்டேகர், ஷைனா பிளேஸ், டேரன் பால்மர் மூவரும் குஷன் நிறத்தைப் பற்றிப் பேசும்போது நான் எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவேன். கட்டட வேலையின் தரத்தைச் சரிபார்க்கும் ஃபோர்மேன்கள் கீத் ஷ்லைகரும் டேன் ரைலியும் கிளிப்போர்டோடு நுழைந்தால் திரும்பி வந்துவிடுவேன். டேன் 2012 சீசனில் போட்டியாளராக இருந்தவர், அந்தப் பக்கத்து வலி தெரிந்தவர். போட்டியாளருக்கு ஞாயிற்றுக்கிழமை நடுவர்கள் பார்ப்பதுதான் அறை. இவர்களுக்கோ சுவருக்குப் பின்னால் இருப்பதுதான் அறை.

குளியலறை வாரத்தை எடுத்துக்கொள்ளுங்கள், என்னைப் பொறுத்தவரை மொத்த நிகழ்ச்சியின் சாரமே அதில் இருக்கிறது. முதலில் தரையில் சிமெண்ட் கலவை போட்டு, தண்ணீர் தானாக வடிகாலை நோக்கி ஓடும்படி மெல்லிய சரிவு கொடுக்க வேண்டும். கண்ணுக்குத் தெரியாத சரிவு, ஆனால் அது தப்பினால் ஷவர் மூலையில் தண்ணீர் தேங்கி நிற்கும். அப்புறம் சுவரும் தரையும் சேரும் ஓரங்களில் பட்டை ஒட்டி, அதன் மேல் வாட்டர்ப்ரூஃபிங் ரப்பர் பூச்சு, ஒன்றுக்கு இரண்டு கோட். ஒரு கோட் காய்ந்த பிறகுதான் அடுத்தது, இரண்டும் முழுதாகக் காய்ந்த பிறகுதான் டைல்ஸ். இந்தக் காய்கிற நேரத்தை யாராலும் விலை கொடுத்து வாங்க முடியாது. விசிறி வைக்கலாம், ஹீட்டர் வைக்கலாம், மெல்பர்ன் குளிர்காலத்தில் அது ஓரளவுக்குத்தான் கைகொடுக்கும். வெள்ளிக்கிழமை இரவு ஒருவர் மண்டியிட்டு அந்தப் பூச்சை விரல் நுனியால் தொட்டுப் பார்ப்பதையும், விரலில் பசை ஒட்டியதும் முகம் மாறுவதையும் பார்க்கும்போது எனக்கே வயிற்றைப் பிசையும். டைல்ஸ் போடுபவர் வெளியே காத்திருப்பார், மணிக்கு மணி கூலி ஏறும், சனிக்கிழமை இரவுக்குள் டைல்ஸ் இடுக்குகளை அடைக்கும் க்ரவுட் கலவையைப் போட்டுத் துடைத்து, கண்ணாடி மாட்டி, குழாய் பொருத்தி முடிக்க வேண்டும்.

ஆஸ்திரேலியாவில் ஈரமான அறைகளுக்கு ஏஎஸ் 3740 என்று தனியாகவே ஒரு தரவிதி இருக்கிறது. போட்டிக்காக அதில் ஒரு வரியைக்கூடத் தளர்த்த முடியாது. கீத் வந்து இதைப் பிரி, மறுபடி போடு என்று சொன்னால் போட்டியாளர் கத்துவார், அழுவார், எடிட்டர் அதில் இசையைச் சேர்ப்பார், நமக்கு கீத் வில்லன் மாதிரித் தெரிவார். என் வீட்டுக் குளியலறையை மாற்றியபோது டைல்ஸ் போட வந்தவர் வடிகாலை அடைத்து, தரையில் தண்ணீர் கட்டி, இரவு முழுவதும் அப்படியே விட்டுவிட்டுப் போனார். காலையில் வந்து கீழ்ச் சுவரை உள்ளங்கையால் தடவிப் பார்த்துவிட்டுத்தான் பசை வாளியைத் திறந்தார். அதிலிருந்து நான் எப்போதும் கீத் பக்கம். ஏலத்தில் வீட்டை வாங்குபவர் பத்து வருடம் அந்த ஷவரில் குளிக்கப் போகிறார், அவருக்காக அந்த அறையில் பேசுகிற ஒரே ஆள் ஃபோர்மேன்தான்.

ஜோடிகளைப் பற்றி அதிகம் சொல்லப் போவதில்லை. ஹேடனும் சாராவும் அந்த சீசனின் சண்டைக்காரர்களாகக் காட்டப்பட்டார்கள், பார்வையாளர்களில் பெரிய கூட்டம் அவர்கள் மேல் கோபமாக இருந்தது. நாளுக்குப் பதினாறு மணி நேரம் ஒருவர் முகத்துக்கு முன்னால் கேமரா இருந்தால், அதிலிருந்து அவருடைய மிக மோசமான நாற்பது நிமிடத்தை எடுப்பது பெரிய வேலை இல்லை, அதை நினைவில் வைத்துக்கொண்டுதான் நான் பார்ப்பேன். நார்மும் ஜெஸ்ஸும் பல வாரம் மதிப்பெண்ணில் கீழே கிடந்தார்கள். எனக்கு அவர்கள் மேல்தான் பிரியம், திட்டு வாங்கிய மறுநாள் காலையில் சுத்தியலை எடுத்துக்கொண்டு அடுத்த அறைக்குப் போகிறவர்களை எனக்குப் பிடிக்கும்.

அக்டோபரில் ஏலம். விக்டோரியாவில் வீட்டு ஏலம் என்பது வேடிக்கை பார்க்கவே தெருவில் கூட்டம் கூடும் சமாச்சாரம். அதன் விதிகள் கறாரானவை. விற்பவர் தரப்பில் ஒரு தொகை கேட்டால் அது விற்பவருடைய கேள்வி என்று ஏலக்காரர் வாய்விட்டு அறிவிக்க வேண்டும். ஆள் வைத்துப் பொய்யாக விலை ஏற்றுவது சட்டவிரோதம். குறைந்தபட்ச விலையைத் தொடாவிட்டால் வீடு விற்காமல் நிற்கும், அதிகம் கேட்டவருக்குப் பேசி முடிக்க முதல் உரிமை. தொட்டுவிட்டால் சுத்தியல் விழுந்ததும் முடிந்தது, வீட்டுக்குப் போய் யோசித்துவிட்டு மனம் மாறினேன் என்றெல்லாம் சொல்ல முடியாது, ஏலத்தில் வாங்கினால் அந்த அவகாசமே கிடையாது. இந்தக் கறாருக்குள் போய் நிற்கும்போது பதினைந்து நிமிடத்தில் ஒரு ஜோடியின் உழைப்புக்கெல்லாம் எண் போடப்பட்டுவிடுகிறது.

ஹேடனும் சாராவும்தான் வென்றார்கள். குறைந்தபட்ச விலைக்கு மேல் 5,45,000 டாலர், பரிசுத் தொகை 1,00,000, ஆக மொத்தம் 6,45,000. பார்த்தவர்களில் பலருக்கு இது ஜீரணமாகவில்லை. எனக்கு அதில் வருத்தம் இல்லை, அவர்கள் வேலையும் நன்றாகத்தான் இருந்தது. என்னை உறுத்தியது வேறு. லாபம் என்று திரையில் ஓடிய எண்ணை நாம் எல்லோரும் மதிப்பெண் என்று எடுத்துக்கொள்கிறோம். இவர்கள் இத்தனை லட்சத்துக்கு நல்ல வேலை செய்தார்கள், அவர்கள் இத்தனைக்குக் குறைவாகச் செய்தார்கள் என்று.

அது உண்மையில்லை என்பதற்கு இந்த நிகழ்ச்சியின் சரித்திரமே போதும். 2011-இல் ரிச்மண்டில் நான்கு வீடுகளில் மூன்று விற்காமல் நின்றன. விற்ற ஒன்றில் போலி–வாஸ் ஜோடிக்குக் கிடைத்த லாபம் 15,000 டாலர். அவர்கள் மோசமாகக் கட்டியதால் அப்படி ஆகவில்லை, அந்த வருடம் சந்தை படுத்திருந்தது. 2022-இல் கிஸ்போர்ன் பக்கத்தில் ஐந்து வீடுகள், ஆளுக்குப் பத்து ஏக்கர், எல்லாவற்றுக்கும் குறைந்தபட்ச விலை 40,80,000 டாலர். ஓமர்–ஓஸ் கட்டிய வீட்டை டேனி வாலிஸ் என்ற தொழிலதிபர் 56,66,666 டாலர் 66 சென்ட்டுக்கு எடுத்தார், லாபம் 15 லட்சத்துக்கும் மேல். அதே நாளில் அதே சாலையில் இரண்டு வீடுகள் ஏலத்தில் விற்கவே இல்லை. அதில் ஒன்று அங்கூர்–ஷாரன் ஜோடியுடையது. ஷாரன் ஜோஹல் நெய்பர்ஸ் தொடரில் நடித்தவர், இந்திய வம்சாவளி. அந்த நாளில் அவர்கள் முகத்தைப் பார்த்தபோது சொந்தக்காரப் பிள்ளைகள் தோற்றது மாதிரி இருந்தது எனக்கு. ஒரு வீட்டில் 15 லட்சத்துக்கு நல்ல வேலை, பக்கத்து வீட்டில் பூஜ்யத்துக்கு நல்ல வேலை என்று யாராவது சொல்ல முடியுமா? யார் எந்த வரிசையில் ஏலம் போனார்கள், எந்தப் பணக்காரருக்கு எந்த வீட்டின் மேல் அன்று மனம் போனது, முதல் வீட்டை இழந்தவர் இரண்டாவதுக்குக் கை தூக்கினாரா எழுந்து போனாரா, இவைதான் பெரும்பங்கு தீர்மானிக்கின்றன.

இப்போது கேட்விக்கை இந்தக் கண்ணோடு பாருங்கள். ஐந்து வீடுகளும் குறைந்தபட்ச விலையைத் தாண்டி விற்றன. சமையலறை நன்றாக இருந்தது, மாடித் திண்ணை அழகாக இருந்தது, எல்லாம் சரி. ஆனால் அதே டைல்ஸும் அதே அலமாரியும், 2016-இல், கேட்விக் இயங்கிக்கொண்டிருந்த காலத்தில், பக்கத்துக் கட்டடத்தில் இருந்திருந்தால் அந்த விலை வந்திருக்குமா? வந்திருக்காது என்பது என் உறுதியான எண்ணம். கடல் அதே இடத்தில்தான் இருந்தது, டிராமும் அதே வழியில்தான் போனது. மாறியது ஒன்றுதான்: அந்த விடுதியில் இருந்தவர்கள் அங்கே இல்லை. வாங்கியவர்கள் கொடுத்த தொகையில் ஒரு பங்கு ஓக் பலகைத் தரைக்கு, ஒரு பங்கு கடல் காற்றுக்கு, ஒரு பங்கு அந்த மனிதர்கள் இல்லாமல் போனதற்கு. இந்தக் கடைசிப் பங்குக்கு யாரும் சுத்தியல் பிடிக்கவில்லை, யாரும் இரவு கண் விழிக்கவில்லை. அது லாபக் கணக்கில் போட்டியாளர்களுக்குப் போனது.

போட்டியாளர்கள் மேல் பழி போட நான் இதை எழுதவில்லை. அவர்கள் வேலையை விட்டு, பிள்ளைகளைப் பிரிந்து, கடனைத் தீர்க்க வந்தவர்கள். விடுதியை விற்ற சகோதரிகள் மேலும் எனக்கு ஒரு கோபமும் இல்லை, அறுபதுக்கும் மேற்பட்ட அறைகளின் பாரத்தை அரசாங்கம் சுமக்க வேண்டிய இடத்தில் ஒரு குடும்பம் சுமந்தது, இனி முடியவில்லை என்று இறக்கி வைத்தது. ஒரு நகரமே வேறு எங்கும் இடம் கொடுக்காதவர்களை ஒரே வாசலில் கொண்டுபோய்க் குவித்துவிட்டு, அந்த வாசல் அசிங்கமாக இருக்கிறது என்று சொன்னால் அதற்குத் தொலைக்காட்சி நிறுவனம் மட்டும் காரணம் ஆகாது. ஆனால் வாங்கி, புதுப்பித்து, வாரம் நான்கு நாள் அதை நமக்குக் காட்டியவர்களுக்குக் கொஞ்சம் கூடுதல் பொறுப்பு இருந்தது. கட்டடத்தின் பழைய கதை அவர்களுக்குச் சுவாரசியமாக இருந்தது, பழைய மனிதர்களின் கதை அந்த அளவுக்கு இருக்கவில்லை.

2019-இல் அதே நிறுவனம் அதே செயின்ட் கில்டாவில் கிரே தெருவில் இருந்த ஆஸ்லோ விடுதியை எடுத்தது. அது முதுகுப்பைப் பயணிகள் தங்கும் மலிவு விடுதி. கெர்ன்ஸிலிருந்து வந்த டெஸ்–லூக் ஜோடி எல்லோரும் கைவிட்ட பிறகு 6,30,000 டாலர் லாபத்தோடு ஜெயித்தது, நான் வீட்டில் எழுந்து நின்று கை தட்டினேன். வீடில்லாதவர்களுக்கு 1980-களிலிருந்து சாப்பாடு போடும் சேக்ரட் ஹார்ட் மிஷன் இருப்பதும் அதே கிரே தெருதான். கேமரா அந்தத் தெருவில் எத்தனையோ மாதம் நின்றிருந்தது, கொஞ்ச தூரம் நடந்திருந்தால் கேட்விக்கில் இருந்தவர்கள் யாரையாவது அங்கே பந்தியில் சந்தித்திருக்கவும் கூடும்.

இனி எப்போதாவது இப்படி ஒரு கட்டடத்தை எடுத்தால், முதல் வாரத்தின் ஒரு எபிசோடை, விருப்பப்பட்டால் மட்டும், அங்கே குடியிருந்தவர்களுக்குக் கொடுங்கள் என்பதுதான் நான் கேட்பது. சோக இசை வேண்டாம். அறை அறையாக அவர்களை நடத்திக் கூட்டிப்போய், இங்கே எப்படி இருந்தது என்று கேளுங்கள், பக்கத்தில் கீத்தும் டேனும் கிளிப்போர்டோடு நிற்கட்டும். எந்தச் சுவர் ஜூலைக் குளிரில் ஊறும், எந்தக் குழாயைத் திறந்தால் மேல்மாடியில் தண்ணீர் நிற்கும், எந்த ஜன்னலில் மதியத்துக்கு மேல் வெயில் விழும் என்று பல வருடம் அங்கே படுத்து எழுந்தவருக்குத் தெரிந்த அளவுக்கு எந்த வரைபடத்துக்கும் தெரியாது, ஐந்து ஜோடிகளும் பேப்பரும் பேனாவும் எடுத்துக்கொண்டு அவர் பின்னால் போகலாம்.